ஓரணாத் தீர்மானம்

(பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களின் சமூக அறிவியல் ஆசிரியர்களுக்கான பணியிடைப் பயிற்சியில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மதியச் சாப்பாடு முடிந்த கையோடு பேசச் சொல்லியிருக்கிறார்கள். இந்த நேரத்தில் பேசுபவருக்கு என்ன கதி என்பது உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அதனால் சாப்பாட்டைப் பற்றியே பேசலாம் என்று வந்திருக்கிறேன்.

எனக்குக் கொடுத்த தலைப்பு, ‘உள்ளாட்சியில் பெயர் பெற்ற தலைவர் ஒருவர்’. தியாகராய நகருக்குப் போகாதவர்கள் இந்த அரங்கில் எத்தனை பேர்? ஒரு கையும் எழவில்லை. வீட்டில் கல்யாணம் என்றால் பெரம்பலூரில் பேருந்து ஏறி, விடியற்காலையில் இறங்கி, பட்டுப்புடவைக் கடை திறக்கும்வரை வாசலில் உட்கார்ந்திருந்த அனுபவம் நமக்கெல்லாம் உண்டு. சரி, அந்தத் தியாகராயர் யார்? இப்போது பத்துக் கைகள் எழுகின்றன. பிட்டி தியாகராயர், நீதிக்கட்சி, வெள்ளுடை வேந்தர். பத்தாம் வகுப்பில் ஒரு மதிப்பெண் கேள்விக்கு இது போதும். நானும் பல ஆண்டுகள் இந்த மூன்று சொல்லோடு அவரைக் கடந்து போனவன்தான்.

தியாகராயர் 1852-இல் பிறந்தவர். நெசவுத் தொழில் செய்யும் தேவாங்கர் குடும்பம். சென்னை மாநிலக் கல்லூரியில் பட்டம் பெற்றார். அந்தக் காலத்தில் பட்டம் பெற்றவர்கள் அரசு வேலைக்கோ வக்கீல் தொழிலுக்கோ போவார்கள். இவர் குடும்பத் தொழிலுக்குத் திரும்பினார். கையால் நாடாவை எறிந்து பிடிக்கும் பழைய முறைக்குப் பதிலாக, கயிற்றை இழுத்தால் தானே ஓடும் நாடா பொருத்திய தறிகளைத் தம் நெசவுக்கூடத்தில் ஓட்டிக் காட்டினார். ஜெயங்கொண்டம் பக்கத்திலிருந்து வந்திருக்கும் ஆசிரியர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை. உங்கள் வகுப்பில் தறிக்குழியில் கால் வைத்துப் பழகிய பிள்ளைகள் இருப்பார்கள். அவர்களிடமிருந்து இந்தப் பாடத்தைத் தொடங்கலாம்.

ரிப்பன் பிரபு உள்ளாட்சித் தீர்மானம் கொண்டுவந்த ஆண்டு 1882. தியாகராயர் சென்னை மாநகராட்சி மன்றத்துக்குள் நுழைந்ததும் அதே ஆண்டுதான். ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் அவர் அந்த மன்றத்தில் இருந்தார். நாம் தலைவர்களைச் சட்டமன்றத்தில் எத்தனை ஆண்டு, அமைச்சராக எத்தனை ஆண்டு என்று அளந்தே பழகிவிட்டோம். நாற்பது ஆண்டுகள் சாக்கடை, குழாய்த் தண்ணீர், தெருவிளக்கு, வீட்டுவரி, காலரா என்று பேசிக்கொண்டே ஒருவர் காலம் தள்ளினார் என்றால், அது பாடப்புத்தகத்தில் ஒரு வரிகூடப் பெறாது. அந்த நாற்பது ஆண்டுதான் எனக்கு இப்போது பெரிதாகத் தெரிகிறது.

அந்த மன்றத்தில் அவரோடு அடிக்கடி மோதியவர் டாக்டர் டி.எம். நாயர். நீதிக்கட்சியின் இரு தூண்கள் என்று நாம் சேர்த்தே மனப்பாடம் செய்யவைக்கும் இருவரும் அதற்கு முன் எதிரெதிரே நின்றவர்கள். இவர்களை ஒன்றுசேர்த்த பெருமை டாக்டர் நடேசனாருக்கு உரியது. நடேசனார் திருவல்லிக்கேணியில் மாணவர்களுக்காகத் திராவிடர் இல்லம் நடத்தியவர். வெளியூரிலிருந்து படிக்க வரும் பார்ப்பனர் அல்லாத மாணவனுக்குச் சென்னையில் தங்கவும் உண்ணவும் இடம் கிடைப்பது அன்று பெரும்பாடு. அதற்காக எழுந்ததே அந்த விடுதி. மூவரும் சேர்ந்து 1916 நவம்பரில் தென்னிந்திய நல உரிமைச் சங்கத்தைத் தொடங்கினார்கள். அதன் ஆங்கில ஏடு ஜஸ்டிஸ். ஏட்டின் பெயரே கட்சிக்கும் நின்றுவிட்டது. மறுமுறை தியாகராய நகர் போகும்போது பாருங்கள், டாக்டர் நாயர் சாலையும் நடேசன் பூங்காவும் அங்கேதான் இருக்கின்றன.

1920-இல் மாண்டேகு–செம்ஸ்போர்டு சீர்திருத்தப்படி தேர்தல் நடந்தது. காங்கிரஸ் ஒதுங்கி நிற்க, நீதிக்கட்சி வென்றது. ஆளுநர் வெலிங்டன் பிரபு அமைச்சரவை அமைக்கத் தியாகராயரை அழைத்தார். அவர் மறுத்துவிட்டார். கடலூர் சுப்பராயலு ரெட்டியார் முதல் அமைச்சரானார், அவருக்குப் பின் பனகல் அரசர் வந்தார். தியாகராயர் கட்சித் தலைவராகவும் மாநகராட்சித் தலைவராகவும் இருப்பதே போதும் என்று இருந்துகொண்டார். “ஏன் சார் வேணாம்னாரு?” என்று என் வகுப்பில் ஒரு பையன் கேட்டான். பதவியை வேண்டாம் என்று சொன்ன ஆளைப் பிள்ளைகள் நம்பவே மாட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது.

இதே காலகட்டத்தில் அமெரிக்காவில் கிளீவ்லாந்து நகரின் மேயராக 1901 முதல் 1909 வரை டாம் ஜான்சன் என்பவர் இருந்தார். வறுமையில் வளர்ந்து, தெரு டிராம் வண்டிகளை ஓட்டும் தொழிலில் பெரும் பணம் சேர்த்தவர். மேயரானதும், தாம் பணம் சேர்த்த அதே தொழிலுக்கு எதிராக நின்று, டிராம் கட்டணம் மூன்று சென்ட்தான் இருக்க வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் போராடினார். பூங்காக்களில் புல்லை மிதிக்காதீர் என்று வைத்திருந்த பலகைகளை எடுக்கச் சொன்னார். ஏழைப் பிள்ளைகள் வேறெங்கே ஓடி விளையாடும் என்பது அவர் கேள்வி. இரண்டு பேரும் வணிகர்கள், இரண்டு பேரும் நகர மன்றத்து மனிதர்கள். ஒருவர் மூன்று சென்ட்டுக்காக நினைக்கப்படுகிறார். நம்மவர் ஓர் அணாவுக்காக நினைக்கப்பட வேண்டியவர்.

அந்த அணாக் கதைக்கு வருகிறேன்.

1919-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மாநகராட்சிக்குத் தன் தலைவரைத் தானே தேர்ந்தெடுக்கும் உரிமை வந்தது. அதுவரை அரசு அமர்த்திய அதிகாரியே தலைவர். அப்படித் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் தலைவர் தியாகராயர். மேயர் என்ற பெயரெல்லாம் 1933-இல் வந்தது. தலைவர் என்றதும் எல்லாம் அவர் கையில் என்று நினைத்துவிடாதீர்கள். அன்றாட நிர்வாகம் ஆணையரிடம். மன்றம் தீர்மானம் போடும், பணம் ஒதுக்கும். நம் ஊராட்சித் தலைவர்கள் படும் பாட்டைப் பக்கத்திலிருந்து பார்த்தவர்களுக்கு இந்த ஏற்பாடு எளிதில் புரியும்.

1920-இல் அந்த மன்றத்தில் ஒரு தீர்மானம் வந்தது. ஆயிரம் விளக்குப் பகுதியில் உள்ள மாநகராட்சிப் பள்ளியின் பிள்ளைகளுக்குச் சிற்றுண்டி கொடுக்க வேண்டும், செலவு ஒரு பிள்ளைக்கு நாளொன்றுக்கு ஓர் அணாவுக்கு மிகக்கூடாது. இவ்வளவுதான் தீர்மானம். தலைவர் சொன்ன காரணமும் சிறியதுதான்: அந்தப் பள்ளிக்கு வருபவர்கள் ஏழைப் பிள்ளைகள், அந்த வறுமை பள்ளியில் சேருவோர் எண்ணிக்கையைப் பெரிதும் பாதிக்கிறது.

இதைச் சற்று நிதானமாகப் பாருங்கள். கருணை, தர்மம், அன்னதானம் என்ற பேச்சு அதில் இல்லை. மாணவர் எண்ணிக்கை என்கிறார். ஒரு தலைமையாசிரியர் பேசுகிற மாதிரிப் பேசுகிறார். பதிவேட்டில் பெயர் இருக்கிறது, பெஞ்சில் பிள்ளை இல்லை, ஏன் என்று கேட்டுக்கொண்டு போனால் அது அடுப்பில் போய் நிற்கிறது. ஏழைக்குச் சோறு போட்ட வள்ளல்கள் நம் மண்ணில் எத்தனையோ பேர். நகரத்து வரிப்பணத்தில், பள்ளிச் செலவின் ஒரு பகுதியாக, கணக்கு எழுதிச் சோறு போடலாம் என்று ஒரு மன்றத்தைச் சம்மதிக்கவைத்தது வேறு வகைக் காரியம். இங்கிலாந்தில் 1906-இல்தான் உள்ளாட்சிகள் பள்ளிப் பிள்ளைகளுக்கு உணவளிக்கலாம் என்று சட்டம் வந்திருந்தது. அங்கே சட்டம் போட்டுப் பதினான்கு ஆண்டுக்குள் இங்கே ஆயிரம் விளக்கில் அடுப்பு எரிந்தது.

ஓர் அணா என்பது ரூபாயில் பதினாறில் ஒரு பங்கு. ஆறேகால் காசு என்று பிள்ளைகளிடம் சொன்னால் சிரிப்பார்கள். என் பாட்டி இருந்திருந்தால் சிரித்திருக்க மாட்டார்.

நான் படித்தது இன்றைய அரியலூர் மாவட்டத்தில் ஓர் ஊராட்சி ஒன்றியப் பள்ளியில். அப்போது நாம் எல்லோரும் திருச்சி மாவட்டம். பாட்டி முந்திரிக்கொட்டை உடைக்கப் போவார். கொட்டையின் எண்ணெய் பட்டு விரல்நுனி எப்போதும் கருத்தே இருக்கும். காலையில் எனக்குக் கொடுக்க நீராகாரம் இருந்தால் உண்டு. தட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு போனவன் நான். புத்தகத்தை மறந்த நாள் உண்டு, தட்டை மறந்த நாள் கிடையாது. 1989-இல் இரண்டு வாரத்துக்கு ஒரு முட்டை என்று வந்தபோது, முட்டை போடும் நாளை நாங்கள் நாட்காட்டியில் வட்டமிட்டு வைத்திருந்தோம். அங்கே ஓர் ஆசிரியர் இருந்தார். பாடம் நன்றாக நடத்துவார். கோபம் வந்தால், “சோத்துக்கு வந்த பயலுவளா” என்பார். என் முகம் அப்போது எப்படி இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. வயிறு எப்படி இருந்தது என்பது இன்றும் நினைவிருக்கிறது.

அதை அனுபவித்தவன் அதையே இன்னொரு பிள்ளைக்குச் செய்ய மாட்டான் என்றுதானே நினைப்பீர்கள்? செய்தேன். சில ஆண்டுகளுக்கு முன், பெரம்பலூர் பக்கம் ஓர் உயர்நிலைப் பள்ளியில் இருந்தபோது, சின்ன வெங்காயம் பிடுங்கும் பருவத்தில் ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன் பன்னிரண்டு மணிக்கு மேல் வேர்த்து விறுவிறுத்து உள்ளே வந்தான். “மணியடிக்கறதுக்குக் கரெக்டா வந்துட்டான் பாருங்கடா” என்றேன். வகுப்பு சிரித்தது. அவன் அன்று சாப்பிடவில்லை. அடுத்த நாலு நாள் வரவும் இல்லை. ஐந்தாம் நாள் வீட்டுக்குப் போனேன். அவன் அம்மா என்னை உட்காரச் சொல்லிவிட்டு, “அவன் சாப்பிட வரல சார். மத்தியானம் கணக்குப் பீரியடு இருக்குன்னு காட்டுலேர்ந்து ஓடியாந்தான்” என்றார். நான் அங்கிருந்து கிளம்பும்வரை வேறொன்றும் பேசவில்லை. மறுநாள் வகுப்பில் எல்லோர் முன்னிலையிலும் அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். அவன் தலையைக் குனிந்துகொண்டான். அந்தப் பள்ளியை விட்டு மாறுதலாகும்வரை அவன் என்னிடம் தானாக வந்து ஒரு சந்தேகமும் கேட்டதில்லை.

இதற்குப் பிறகுதான் நான் தியாகராயரைத் தேடிப் படித்தேன்.

ஆயிரம் விளக்கில் தொடங்கியது மேலும் நான்கு பள்ளிகளுக்கு விரிந்தது. 1922-23-இல் 811 ஆக இருந்த மாணவர் எண்ணிக்கை 1924-25-இல் 1671 ஆனது. இரண்டே ஆண்டில் இரண்டு மடங்கு. சேர்க்கைப் பேரணி, வீடுவீடாகத் துண்டறிக்கை என்று ஒவ்வொரு கோடையிலும் அலைகிற நமக்கு இந்த எண்ணின் அருமை தெரியும்.

பிறகு வந்தது 1925 ஏப்ரல் 1. இந்தச் செலவைத் தொடக்கக் கல்வி நிதியிலிருந்து செய்யக்கூடாது என்று அரசு தடுத்துவிட்டது. 1920-ஆம் ஆண்டுத் தொடக்கக் கல்விச் சட்டம் உருவாக்கிய நிதி அது. கல்விக்கு உரிய பணம் கல்விக்குத்தான், சாப்பாடு கல்வி ஆகாது என்பது கணக்கு. திட்டம் நின்றது. பாடம் நடத்தும்போது ‘ஆங்கில அரசு நிறுத்தியது’ என்று ஒரே வாக்கியத்தில் முடித்துவிடுவது நமக்கு வசதி. அந்த ஆண்டில் மாகாணத்தில் அமைச்சரவை நடத்தியது பனகல் அரசர், அதாவது தியாகராயரின் கட்சியே. கல்வி மாற்றப்பட்ட துறை, அமைச்சர் கையில் இருந்தது. நிதி ஒதுக்கப்பட்ட துறை, ஆளுநரின் நிர்வாகக் குழுவிடம் இருந்தது. இரட்டை ஆட்சி என்றால் என்ன என்று இரண்டு பட்டியல் போட்டு எழுதவைக்கிறோமே, அதைவிட இந்த ஒரு தட்டுச் சோற்றை வைத்து நடத்தினால் பிள்ளைகளுக்கு விளங்கும். அதே 1925-இல் தியாகராயரும் காலமானார். இரண்டு ஆண்டு கழித்து, இருபத்தைந்து பள்ளிகளில் ஆயிரம் ஏழைப் பிள்ளைகளுக்காவது உணவு வேண்டும் என்று மாநகராட்சி மன்றம் மறுபடி அரசிடம் கேட்டது.

ஒன்றைச் சொல்லாமல் போனால் நான் பாதி வரலாறு சொன்னவனாவேன். 1921-இல் பக்கிங்காம் கர்நாடிக் ஆலை வேலைநிறுத்தம் நீண்டபோது, அது புளியந்தோப்பில் சாதிக் கலவரமாக முடிந்தது. ஆதிதிராவிட மக்களின் குடிசைகள் எரிந்தன. அப்போது நீதிக்கட்சித் தலைமை நடந்துகொண்ட விதம் ஆதிதிராவிடத் தலைவர்களை மனம் கசக்கவைத்தது. எம்.சி. ராஜா 1923-இல் கட்சியை விட்டே வெளியேறினார். பார்ப்பனர் அல்லாதார் எல்லோருக்கும் என்று எழுந்த கட்சி அந்த வேளையில் எல்லோருக்கும் நிற்கவில்லை. அதன் தலைவர் தியாகராயர், ஆகவே அந்தப் பொறுப்பில் அவருக்கும் பங்குண்டு. வகுப்பில் இதைச் சொன்னால் தலைவரின் மதிப்புக் குறைந்துவிடுமோ என்று சில ஆசிரியர்கள் தயங்குவதைப் பார்த்திருக்கிறேன். எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கு இரண்டையும் ஒருசேர மனதில் வைத்துக்கொள்ளத் தெரிகிறது. நமக்குத்தான் சிரமமாக இருக்கிறது.

அடுப்பின் கதை பிறகு உங்களுக்குத் தெரிந்ததுதான். 1956-இல் காமராசர் காலத்தில், நெ.து. சுந்தரவடிவேலு அவர்கள் கல்வித்துறையை நடத்த, ஊர்மக்கள் கொடுத்த அரிசியிலும் காய்கறியிலும் மதிய உணவு தொடங்கியது. 1982 ஜூலை 1 அன்று எம்.ஜி.ஆர். சத்துணவைத் தொடங்கிவைத்தது திருச்சிக்குப் பக்கத்தில் பாப்பாக்குறிச்சியில், அதாவது அன்றைய நம் மாவட்டத்தில். 1984-இல் அது பதினைந்து வயதுப் பிள்ளைகள்வரை நீண்டது. நான் சாப்பிட்டது அந்தச் சோறு. காலை உணவு 2022 செப்டம்பரில் மதுரையில் தொடங்கி, 2023 ஆகஸ்டில் மாநிலத்தின் எல்லா அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கும் வந்துவிட்டது. “பள்ளிக்கூடமா, ஓட்டலா?” என்று நம் ஓய்வறையிலேயே ஒரு குரல் அவ்வப்போது கேட்கிறது. அது 1925-இல் கணக்குப் பார்த்தவரின் குரல்தான். எமிஸ் பதிவு, உணவுப் பதிவேடு, முட்டைக் கணக்கு என்று நம் தலையில் வேலை கூடியிருப்பது உண்மை. அதைத் துறையிடம் கேட்போம். பிள்ளையின் தட்டைப் பார்த்து அதைச் சொல்ல வேண்டாம்.

சென்ற ஆண்டு எட்டாம் வகுப்பில் இதை ஒரு செயல்பாடாக நடத்தினேன். வகுப்பே மாநகராட்சி மன்றம். ஒருத்தி தலைவர், ஒருவன் ஆணையர், மற்றவர்கள் உறுப்பினர்கள். தீர்மானம் நான் மேலே சொன்னது. ஆதரித்துப் பேச வேண்டும், எதிர்த்துப் பேச வேண்டும், கடைசியில் பணம் எந்தத் தலைப்பிலிருந்து என்று முடிவு செய்ய வேண்டும். இரண்டு பாடவேளை போதவில்லை, மூன்றாயிற்று. ஆதரவுப் பேச்சு சீக்கிரம் முடிந்துவிட்டது. பணம் எங்கிருந்து என்பதில்தான் மன்றம் அல்லோலகல்லோலப்பட்டது. தெருவிளக்கில் குறைக்கலாம் என்றான் ஒருவன், எங்கள் தெருவில் ஏற்கெனவே விளக்கு இல்லை என்று இன்னொருத்தி எழுந்தாள். பிள்ளைகள் சத்துணவு அமைப்பாளர் அம்மாவிடம் போய் ஒரு நாளைக்கு எத்தனை கிலோ அரிசி, எவ்வளவு எண்ணெய், எவ்வளவு பருப்பு என்று எழுதிக்கொண்டு வந்தார்கள். எங்கள் ஊர் வார்டு உறுப்பினர் பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டத்துக்கு வந்தபோது அவரையும் விடவில்லை. உங்கள் மன்றத்தில் கடைசியாகப் போட்ட தீர்மானம் என்ன என்று கேட்டுவிட்டார்கள். அவர் என்னைப் பார்த்தார், நான் ஜன்னலைப் பார்த்தேன். அடுத்த கூட்டத்துக்கு அவர் தீர்மான நகலோடு வந்தார் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

மூன்றாம் பாடவேளையின் கடைசியில் 1925-ஐச் சொன்னேன். திட்டம் நின்றுவிட்டது என்றதும் வகுப்பில் கொஞ்சம் சத்தம் அடங்கியது. தலைவராக இருந்த பெண் எழுந்து கேட்டாள்: “சார், ஏப்ரல் ஒண்ணாம் தேதி அந்தப் பிள்ளைங்க தட்டோட வந்திருப்பாங்களே, இன்னிலேர்ந்து சாப்பாடு கிடையாதுன்னு அவங்ககிட்ட யாரு சொல்லியிருப்பாங்க?”

“வாத்தியார்தாம்மா” என்றேன்.